இரண்டு பெயர்களில் எழுதியவர்

கேள்வி: வேற்றுக்கிரக உயிர்கள் ஓர் ஊர்க்காரர்களின் உருவத்தை எடுத்துக்கொள்ளும் 'இன்வேஷன் ஆஃப் தி பாடி ஸ்னாட்சர்ஸ்' (1956) படம் என்றால் எல்லோரும் இயக்குநர் டான் சீகலைப் பற்றித்தான் பேசுகிறார்கள். திரைக்கதை எழுதிய டேனியல் மெயின்வாரிங் யார்? வேறெங்கும் அந்தப் பெயரைப் பார்த்த ஞாபகம் இல்லை.

பதில்: பழைய ஹாலிவுட் குற்றப் படங்கள் பார்க்கிறவர் என்றால் பார்த்திருப்பீர்கள், ஆனால் ஜெஃப்ரி ஹோம்ஸ் என்று. இருவரும் ஒரே ஆள்தான். 1902இல் கலிஃபோர்னியாவில் பிறந்தவர், பத்திரிகை நிருபராக இருந்து, சினிமா ஸ்டுடியோவில் விளம்பர வேலை பார்த்துக்கொண்டே அந்தப் புனைபெயரில் துப்பறியும் நாவல்கள் எழுதினார். அப்புறம் பாரமவுண்டுக்காக பைன்-தாமஸ் கம்பெனி எடுத்துத் தள்ளிய சின்ன பட்ஜெட் படங்களுக்கு வசனம், திரைக்கதை. அவருடைய 'பில்ட் மை கேலோஸ் ஹை' நாவல் 1946இல் வந்தது. அதை ஆர்கேஓ ஸ்டுடியோ வாங்க, ஜாக் டூர்னர் இயக்கத்தில் மறு வருஷமே 'அவுட் ஆஃப் தி பாஸ்ட்' ஆனது. ராபர்ட் மிட்சமும் ஜேன் கிரீரும் நடித்த அந்தப் படத்தின் டைட்டிலில் இருப்பது ஹோம்ஸ், பாடி ஸ்னாட்சர்ஸில் இருப்பது மெயின்வாரிங். ரசிகர்கள் இரண்டையும் சேர்த்துப் பார்க்காமல் போனதற்கு இது ஒரு முக்கியக் காரணம்.

இன்னொரு காரணம் மனசை உறுத்துவது. ஐடா லுபினோ இயக்கிய 'தி ஹிட்ச்-ஹைக்கர்' (1953) இவருடைய கதையிலிருந்து உருவானது, டைட்டிலில் இவர் பெயரே கிடையாது. இடதுசாரி என்ற சந்தேகம் விழுந்தாலே எழுத்தாளர்கள் வேலை இழந்த காலம் அது.

கேள்வி: அவருக்கென்று ஒரு பாணி உண்டா, இல்லை, கிடைத்ததை எல்லாம் எழுதியவரா?

பதில்: கூலிக்கு எழுதியதும் உண்டு, அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் நல்ல படங்களை வரிசையாகப் பாருங்கள், திரும்பத் திரும்ப ஒரு சின்ன ஊர் வரும். 'அவுட் ஆஃப் தி பாஸ்ட்' பிரிட்ஜ்போர்ட் என்ற மலையூரில், ஒரு பெட்ரோல் பங்கில் தொடங்குகிறது. பழைய வாழ்க்கையை உதறிவிட்டு வந்தவனை அது அங்கேயே தேடி வருகிறது. ஜோசஃப் லோசி இயக்கிய 'தி லாலெஸ்' (1950) படத்தில் மெக்சிகோ வம்சாவளித் தொழிலாளர்கள் மேல் ஒரு கலிஃபோர்னிய ஊரே வெறிகொண்டு பாய்கிறது. 'தி ஃபீனிக்ஸ் சிட்டி ஸ்டோரி' (1955, கிரேன் வில்பருடன் சேர்ந்து எழுதியது) அலபாமாவில் சூதாட்டக் கும்பல் பிடியில் கிடந்த ஒரு நிஜ ஊரின் கதை, அங்கே 1954இல் ஆல்பர்ட் பேட்டர்சன் என்ற வழக்கறிஞரைச் சுட்டே கொன்றார்கள். இதற்கெல்லாம் பிறகு பாடி ஸ்னாட்சர்ஸ் பார்த்தால் படமே வேறு மாதிரி தெரியும். மூலக்கதை ஜாக் ஃபின்னியுடையதுதான், ஆனாலும் நேற்றுவரை வணக்கம் சொன்ன அக்கம்பக்கத்தார் ஒரே நாளில் அந்நியராகிற பயம் மெயின்வாரிங் ஏற்கெனவே நன்றாக அறிந்த பயம். அது கம்யூனிஸ்ட் எதிர்ப்புப் படமா, கம்யூனிஸ்ட் வேட்டை நடத்திய செனட்டர் மெக்கார்த்தியை எதிர்க்கும் படமா என்று இன்றும் சண்டை போடுகிறார்கள். எனக்கு அது முதலில் ஊரைப் பற்றிய படம். ஆஸ்பத்திரியில் தொடங்கி ஆஸ்பத்திரியில் முடியும் காட்சிகள் ஸ்டுடியோவின் வற்புறுத்தலால் பிறகு ஒட்டப்பட்டவை, நெடுஞ்சாலையில் நாயகன் கத்துகிற இடத்தோடு படம் முடிந்திருக்க வேண்டும்.

கேள்வி: எதை முதலில் பார்க்கலாம்?

பதில்: 'அவுட் ஆஃப் தி பாஸ்ட்', சந்தேகமே வேண்டாம். பெட்ரோல் பங்கில் வேலை செய்யும் அந்த வாய் பேசாத பையனைக் கடைசிவரை கவனியுங்கள். அடுத்து 'ஹிட்ச்-ஹைக்கர்', எழுபது நிமிஷம்தான்.