கண்மாய் வேலை முடிந்தது, பில் எங்கே நிற்கிறது?

கேள்வி: மேலூர் பக்கம் ஒரு கண்மாயில் மதகும் தடுப்புச் சுவரும் கட்டிக் கொடுத்தேன். மாநில அரசுத் துறை ஒன்றின் வேலை. முடித்து இரண்டே கால் வருடம் ஆகிறது. பார்ட் பில் வந்துவிட்டது, ஃபைனல் பில் 11 லட்சம் வரவில்லை. எப்போது போனாலும் "ஃபண்ட் வரலைண்ணே, வந்ததும் போட்டுருவோம்" என்கிறார்கள். வீட்டு நகை அடகில் இருக்கிறது. கேஸ் போட்டால் அடுத்த வேலை கிடைக்காதோ என்று பயம். என்ன செய்யலாம்?

பதில்: உங்கள் கடிதத்தில் என்னைப் பதற வைத்தது அந்த 'இரண்டே கால் வருடம்'. பணம் தரவேண்டிய தேதி ஒப்பந்தத்தில் இல்லை என்றால், வேலை முடிந்த நாளிலிருந்து மூன்று வருடத்துக்குள் வழக்குப் போட்டாக வேண்டும் என்கிறது 1963-ம் ஆண்டின் காலவரையறைச் சட்டம். உங்களுக்கு மிச்சம் ஒன்பது மாதம். நீங்கள் எத்தனை நினைவூட்டுக் கடிதம் கொடுத்தாலும் அந்தக் கெடு ஒரு நாள்கூட நீளாது. ஆனால் கெடு முடிவதற்குள் அதிகாரி 'இன்ன தொகை பாக்கி உள்ளது, நிதி வந்ததும் வழங்கப்படும்' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுவிட்டால், அன்றிலிருந்து புதிதாக மூன்று வருடம் கிடைக்கும். வாய்வார்த்தையை நம்பித்தான் பலர் பணத்தை இழக்கிறார்கள்.

அடுத்தது, 'ஃபண்ட் இல்லை' என்ற பதிலை அப்படியே எடுத்துக்கொள்ளாதீர்கள். ஏஇ (உதவிப் பொறியாளர்) அளவெடுத்து எம்-புக்கில், அதாவது அளவுப் புத்தகத்தில், எழுத வேண்டும், துணைக்கோட்டத்தின் ஏஇஇ (உதவி செயற்பொறியாளர்) அந்த அளவைச் சரிபார்க்கும் செக் மெஷர்மென்ட் செய்ய வேண்டும், பில் கோட்ட அலுவலகம் போய் இஇ (செயற்பொறியாளர்) பாஸ் செய்ய வேண்டும். அதன் பிறகுதான் நிதிக்குக் காத்திருக்கும் பேச்சே வரும். திருமங்கலத்திலிருந்து ஒரு காண்ட்ராக்டர் என்னிடம் எம்-புக் நகலோடு வந்தார். நாலு பக்கம் மையில் சுத்தமாக இருந்தது. கடைசிப் பக்கத்தில் அஸ்திவாரக் கான்கிரீட்டின் நீளமும் அகலமும் பென்சிலில், கீழே செக் மெஷர்மென்ட் கையெழுத்து இல்லை. அளவெடுத்த ஏஇ மாறுதலாகிப் போயிருந்தார். ஒன்றரை வருடம் ஃபண்டுக்காகக் காத்திருந்த மனிதருக்கு, பில் துணைக்கோட்டத்தையே தாண்டவில்லை என்று அன்றுதான் தெரிந்தது.

ஆகவே முதலில் ஆர்டிஐ, அதாவது தகவல் அறியும் உரிமைச் சட்ட மனு. பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி, உங்கள் வேலையின் எம்-புக் பக்கங்களின் சான்றிட்ட நகல், ஃபைனல் பில் பதிவான தேதி, பாஸ் ஆன தொகை, நிதி கேட்டு மேலே எழுதிய கடிதத்தின் நகல் ஆகியவற்றைக் கேளுங்கள். முப்பது நாளில் பதில் வர வேண்டும், வராவிட்டால் மேல்முறையீடு. பதிலில் 'இவ்வளவு பாக்கி' என்று எழுதிக் கையெழுத்து இருந்தால் அந்தக் காகிதத்தைப் பத்திரமாக வையுங்கள், நாளைக்குக் கோர்ட்டில் பேசும்.

கூடவே இஇ-க்கு ஒரு கடிதம். தொகையைக் குறிப்பிட்டு, இன்ன தேதியிலிருந்து வட்டி கோருவதாகவும் எழுதுங்கள். 1978-ம் ஆண்டு வட்டிச் சட்டத்தின் கீழ் அந்த ஒரு வரிக்குப் பலன் உண்டு. ஒப்பந்தத்தில் 'தாமதத்துக்கு வட்டி இல்லை' என்ற ஷரத்து இருக்கிறதா என்று மட்டும் முதலில் பாருங்கள். தபால் பிரிவில் கொடுத்து, நகலில் தேதியோடு சீல் வாங்காமல் திரும்பாதீர்கள். பயப்படுகிறீர்களே, இந்த இரண்டுமே கேஸ் இல்லை.

உத்யம் என்ற சிறுதொழில் பதிவு இருந்தால் பணம் தர 45 நாள் கெடு, தாண்டினால் ரிசர்வ் வங்கியின் வங்கி விகிதத்தைப் போல மூன்று மடங்கு கூட்டு வட்டி என்று 2006-ம் ஆண்டு எம்எஸ்எம்இ (குறு, சிறு, நடுத்தரத் தொழில்) சட்டத்தைக் காட்டிப் பலர் ஆசை காட்டுவார்கள். கட்டுமான ஒப்பந்தங்களுக்கு அது பொருந்தாது என்று பல உயர் நீதிமன்றங்கள் சொல்லியிருக்கின்றன. அதை மட்டும் நம்பி ஒன்பது மாதத்தைச் செலவழிக்க வேண்டாம்.

நாலைந்து மாதத்தில் எழுத்தில் ஒன்றும் வரவில்லை என்றால் வக்கீலைப் பாருங்கள். பில் பாஸ் ஆகி, தொகையில் தகராறு இல்லை என்றால் உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ரிட் போடலாம். ஆனால் 'மனுவைப் பரிசீலித்து முடிவெடு' என்ற உத்தரவோடு நின்றுவிடுவதும் உண்டு. அளவிலேயே தகராறு என்றால் சிவில் கோர்ட்தான். அதற்கு முன் அரசுக்கு இரண்டு மாத நோட்டீஸ் கொடுக்க வேண்டும், அதனால் கடைசி மாதம் வரை இழுக்காதீர்கள்.

ஒருவேளை இதற்குள் பணம் வந்து, 'முழுத் தொகையும் பெற்றேன், வேறு கோரிக்கை இல்லை' என்ற தாளை நீட்டினால், 'வட்டியும் செக்யூரிட்டி டெபாசிட்டும் நீங்கலாக' என்று உங்கள் கையாலேயே எழுதிவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள்.