மூன்று பந்தை வீசிப் பிடிக்க எங்கிருந்து தொடங்குவது?

இரண்டு பந்து சரியாக வருகிறது, மூன்றாவதை எடுத்ததும் எல்லாம் சிதறுகிறது, கேஸ்கேட், ஷவர், சைட்ஸ்வாப் என்றெல்லாம் வேறு சொல்கிறார்கள் என்று கேட்டிருக்கிறீர்கள். நானும் அங்கேயே மூன்று மாதம் நின்றவன்தான்.

எனக்குக் குறுக்கே நின்றது சின்ன வயது எலுமிச்சம்பழ விளையாட்டு. வலது கை மேலே வீசும். இடது கை பிடித்து, அப்படியே வலது கைக்குத் தள்ளிவிடும். பழம் வட்டமாகச் சுற்றும். இதுதான் ஷவர். பார்க்கத்தான் சுலபம். வீசும் வேலை முழுக்க ஒரே கைக்கு, அதனால் பழம் நல்ல உயரம் போயாக வேண்டும்.

கேஸ்கேடில் இரண்டு கைக்கும் ஒரே வேலை. பந்துகள் படுத்துக் கிடக்கும் எட்டு மாதிரி குறுக்கும் மறுக்குமாகப் போகும். முதல் பந்து கண் உயரத்துக்கு ஏறி, இறங்கத் திரும்பும்போது மறு கைப் பந்தை அதற்கு அடியில், உள்பக்கமாக விட வேண்டும். பதறி முன்னாடியே விட்டால் இரண்டும் மோதும். உங்களுக்கும் இதுதான் நடக்கிறது என்று நினைக்கிறேன்.

பினாங்கில் ஜெலுத்தோங் ப்ளாட்டில் அக்கா மகளுக்குச் சொல்லிக்கொடுத்தபோது, "பிடிக்கவே முடியல மாமா" என்றாள். பிடிக்காதே, விழட்டும் என்றேன். மெத்தை முன்னால் நின்று வீசினாள்: தொப், தொப், தொப். வலது கைப் பந்து இடப்பக்கமும், இடது கைப் பந்து வலப்பக்கமும் விழுந்தால் வீச்சு சரி. கை தானாகவே அங்கே போய்விடும். வீசிய மூன்றையும் ஒரு தடவை பிடித்து நிறுத்தினால் அதற்குப் பெயர் ஃப்ளாஷ். பந்தைத் துரத்திக்கொண்டு முன்னால் ஓடுகிறீர்களா? சுவரைப் பார்த்து நில்லுங்கள்.

டென்னிஸ் பந்து வேண்டாம், ஃப்ரிட்ஜுக்கு அடியில் போய் உட்கார்ந்துகொள்ளும். பத்து செரம்பான் (மலேசியாவின் ஐந்தாங்கல் மாதிரி விளையாட்டு) பை மாதிரியே, கை நிறையும் அளவில் பச்சைப்பயறு போட்டுத் தைத்துக்கொள்ளுங்கள். விழுந்த இடத்தில் கிடக்கும்.

சைட்ஸ்வாப் என்பது வீச்சை எண்ணால் எழுதும் முறை. இரண்டு கையும் மாறி மாறி வீசும்போது ஒவ்வொரு வீச்சும் ஒரு தாளம். எத்தனை தாளம் கழித்து அதே பந்து மறுபடி வீசப்படும் என்பதே அந்த எண். ஒற்றைப்படை கை மாறும், இரட்டைப்படை அதே கைக்குத் திரும்பும். கேஸ்கேட் வெறும் 3. எலுமிச்சம்பழ வட்டம் 51: உயர வீச்சு 5, கைக்குத் தள்ளுவது 1. கூட்டி இரண்டால் வகுத்தால் 3, அதாவது மூன்று பந்து. 441-இல் மூன்று எண், அதனால் கூட்டி மூன்றால் வகுக்க வேண்டும், அதுவும் 3. நான்கு பந்து ஃபவுண்டனில் எல்லாம் 4. பந்துகள் கை மாறுவதே இல்லை, ஒரு கைக்கு இரண்டு.

ஐந்து பந்துக்கு அவசரப்படாதீர்கள். பந்து இரண்டு மடங்கு நேரம் காற்றில் நிற்க நான்கு மடங்கு உயரம் தேவை. என் வீட்டில் மின்விசிறி இருக்கிறது, நான் பாடாங் கோத்தா திடலுக்குத்தான் போகிறேன்.

அக்கா மகள் இப்போது 40 பிடி வரை எண்ணுகிறாள். இடது கையில் தொடங்கு என்றால் மட்டும் உடனே தண்ணீர் தாகம் வந்துவிடும்.