சோதனை வீடியோக் கலையில் நினைவும் இடமும் ஏன் அடிக்கடி வருகின்றன?

கதை, நடிகர் என்ற வழக்கமான கட்டுக்குள் நிற்காமல், படம், ஒலி, எழுத்து மூன்றையும் கலைத்துப்போட்டு எதையோ தேடுவதுதான் சோதனை வீடியோ. நினைவுக்கு இது நன்றாகப் பொருந்தும். பரணைக் கிளறினால் சாமான் வருவதுபோல, நினைவும் வரிசையில்லாமல் துண்டுதுண்டாகத்தானே வருகிறது?

அமெரிக்கக் கலைஞர் ரியா தாஜிரியைப் பாருங்கள். இரண்டாம் உலகப் போரின்போது ஜப்பானிய வம்சாவளியினர் சுமார் 1,20,000 பேரை அமெரிக்க அரசு முகாம்களில் அடைத்தது. அரிசோனாவின் போஸ்டன் முகாமில் (பாஸ்டன் நகரம் வேறு) இருந்த அவருடைய அம்மாவுக்கு அந்த நாட்கள் பெரும்பாலும் மறந்துபோயின. மகள் மனதில் தங்கியதோ ஒரு காட்சி: பாலைவனக் குழாயடியில் அம்மா தண்ணீர் பிடிக்கிறார். 1991இல் வந்த தன் 32 நிமிட வீடியோவில் தாஜிரி அதை மறுபடி நடத்திப் படமாக்கினார். போஸ்டனுக்கும் நேரில் போனார்.

புரியாதபடி எடுத்தால் அதுவே சோதனை வீடியோ என்று பலர் நினைக்கிறார்கள். ஆனால் இந்த வீடியோ துண்டுதுண்டாக இருப்பது அம்மாவின் நினைவு அப்படி இருந்ததால்தான்.