மணிக்கொரு முறை

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஓவியர் படத்தை விட்டுச்செல்கிறார். தன் உடலையே ஊடகமாகக் கொள்ளும் நிகழ்த்துகலைஞர், பார்வையாளர்கள் கலைந்த பின் எதைக்கொண்டு தன் கலைவாழ்க்கையைக் கட்டுகிறார்? அத்தகைய கலைஞர் ஒருவர் கலையென்று கூண்டில் அடைந்து கிடப்பது சாதனை வித்தையிலிருந்து எவ்விதத்தில் வேறுபடுகிறது?

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

இரண்டாம் கேள்வியிலிருந்து தொடங்குகிறேன். முதல் கேள்விக்கான விடையும் அதற்குள்ளேயே இருக்கிறது. தைவானில் பிறந்த டேச்சிங் ஷியே, 1974இல் கப்பலிலிருந்து தப்பி அமெரிக்காவுக்குள் நுழைந்து, உரிய ஆவணங்களின்றி நியூயார்க்கில் உணவகங்களில் பாத்திரம் கழுவிப் பிழைத்தவர். 1980 ஏப்ரல் முதல் ஓராண்டு முழுவதும், இரவும் பகலும் மணிக்கொரு முறை, தொழிற்சாலை வருகைப்பதிவுக் கடிகாரத்தில் அட்டையைச் செருகி அவர் நேரம் பதிந்தார். 8760 பதிவுகளில் 133 தவறின. அவற்றுள் 94 உறக்கத்தால் தவறியவை என்பதையும் அவரே பட்டியலிட்டு வெளியிட்டார். தவறு வெளிப்பட்டால் வித்தைக்காரரின் சாதனை சரிந்துவிடும். ஷியேவுக்கோ தவறிய மணியும் கழிந்த மணிதான். காலம் கழிவதுதான் அவருடைய பொருள். சட்டப்படி வேலைசெய்ய உரிமையற்ற ஒருவர், எதையும் உற்பத்தி செய்யாமல் ஓராண்டு வேலைக்கு வருகை பதிந்தார் என்பதில் உள்ள கசப்பான நகைச்சுவையும் கவனிக்கத்தக்கது.

அதற்கு முன் ஓராண்டு கூண்டுக்குள் பேசாமல், வாசிக்காமல் இருந்தார். பின்னர் ஓராண்டு எந்தக் கூரையின் கீழும் நுழையாதிருக்க உறுதிபூண்டார். அடுத்து லிண்டா மொண்டானோ என்னும் கலைஞருடன் எட்டடிக் கயிற்றால் பிணைக்கப்பட்டு, ஒருவரையொருவர் தொடாமல் ஓராண்டு வாழ்ந்தார். பிறகு கலையையே தவிர்த்த ஓராண்டு. அதன் பின் 1999 முடியும் வரை, கலை செய்தாலும் காட்டுவதில்லை என்ற 13 ஆண்டுத் திட்டம். புகழை நாடுகிறவர் தன் தொழிலை இப்படி வகுத்துக்கொள்வாரா?

எஞ்சியவை அட்டைகள், சாட்சிக் கையொப்பங்கள், புகைப்படங்கள், படச்சுருள்கள். இத்தகைய எச்சங்களைக்கொண்டுதான் 2009இல் நியூயார்க்கின் நவீனக் கலை அருங்காட்சியகம் அவருடைய கூண்டைக் காட்சிக்கு வைத்தது. அடுத்த ஆண்டு அதே அருங்காட்சியகத்தில் மரீனா அப்ரமோவிச் என்னும் நிகழ்த்துகலைஞர் 700 மணிநேரத்துக்கும் மேலாக நாற்காலியில் அமர்ந்து, எதிரே வந்தமர்ந்தவர்களைப் பார்த்துக்கொண்டிருக்க, அவருடைய பழைய நிகழ்வுகளைப் பயிற்சி பெற்ற இளையவர்கள் மீண்டும் நிகழ்த்தினார்கள். நாடகப் பிரதியைப் போல நிகழ்வையும் கைமாற்றலாம் என்பது அப்ரமோவிச்சின் நம்பிக்கை. எனக்கு அதில் ஐயம் உண்டு. ஷியேயின் கூண்டில் வேறொருவரை அடைத்தால் கூண்டு அதேதான், ஆனால் செலவாகும் ஆண்டு அவருடையதல்ல.