கேளுங்க சொல்றேன்: மலையாளப் படமும் மலையாளி வீடும்

கேள்வி: மலையாளப் படங்கள்ல மட்டும் அந்த ஊர் பழக்கவழக்கம், சடங்கு எல்லாம் அச்சு அசலா வருதே, கேரளாக்காரங்களுக்கு தங்க கல்ச்சர் மேல அவ்ளோ பாசமா? - ஒரு வாசகி, தேனி

பதில்: பாசம் இருக்கும்மா, ஆனா நல்ல படமெல்லாம் சடங்கை வம்புக்கு இழுத்த படம்தான். 1973ல எம்.டி. வாசுதேவன் நாயர் எடுத்த 'நிர்மால்யம்' பாருங்க, நம்ம சாமியாடி மாதிரி அங்க வெளிச்சப்பாடு, கோயில்ல வருமானம் இல்ல, வீட்ல பட்டினி, கடைசில ஆடிக்கிட்டே வாளால தலையில வெட்டிக்கிட்டு பகவதி சிலை மேலயே ரத்தத்தைத் துப்பிட்டு செத்துப்போவாரு. அதுக்கு பி.ஜே. ஆண்டனிக்கு தேசிய விருது வேற! இப்ப அந்த சீனோட ஒரு படம் சத்தமில்லாம ரிலீஸ் ஆகிடுமா, எனக்கு டவுட்டுதான்.

2018ல வந்த 'ஈ.ம.யௌ' கடலோர லத்தீன் கத்தோலிக்க வீட்டு சாவு. ஊரே மெச்சற மாதிரி அடக்கம் பண்றேன்னு மகன் அப்பாகிட்ட வாக்கு குடுக்கறான், அன்னிக்கு ராத்திரியே அப்பா போயிடறாரு, பெட்டிக்கு காசு பொரட்டணும், மழை வேற கொட்டுது, நடுவுல பாதிரியாருக்கு சாவு மேலயே சந்தேகம் வந்து கல்லறையில இடம் இல்லங்கறாரு, மகனே வீட்டுப்பக்கம் குழி தோண்ட ஆரம்பிச்சிடறான்.

'தி கிரேட் இந்தியன் கிச்சன்' (2021) உங்களுக்கே தெரிஞ்சிருக்கும், தமிழ்லயும் ரீமேக் வந்துச்சே. கல்யாணமாகி வந்த பொண்ணு மாமனார் கையில பிரஷ்ஷைக் கொண்டுபோய் குடுக்கணும், சோறு விறகடுப்புல வேகணும், சட்னி அம்மியில அரைக்கணும், மென்னு துப்பின சக்கை டேபிள் மேலயே கிடக்கும், ஒழுகற சிங்க்கை மட்டும் புருஷன் சரிபண்ண மாட்டான். மாலை போட்ட வீட்ல அவளுக்கு தீட்டுன்னு தனி ரூம். கடைசில அந்த சிங்க் தண்ணியே அவனுங்க மூஞ்சில வந்து விழும் பாருங்க, செம்ம!

கேள்வி: அப்போ எதைக் காட்டினாலும் அங்க ஏத்துக்குவாங்களா? - அதே வாசகி

பதில்: எங்க! பெருமை பேசினா அங்கயும் கைதட்டல்தான். 1997ல 'ஆறாம் தம்புரான்' போட்ட போடு என்ன, தறவாட்டுப் பெருமையை, அதாவது மேல்சாதிப் பரம்பரை வீட்டுப் பெருமையை, கேரளாக்காரங்களும் விசிலடிச்சுதான் பார்த்தாங்க. முதல் மலையாளப் படம் 'விகதகுமாரன்' கதையே வேற. எடுத்த ஜே.சி. டேனியல் கன்னியாகுமரி பக்கத்து அகஸ்தீஸ்வரத்துக்காரர், ஹீரோயின் பி.கே. ரோசி தலித் பொண்ணு. நாயர் பொண்ணா இவ நடிக்கறதான்னு கல்லெறிஞ்சு கலாட்டா பண்ணி ரோசியை ஊரை விட்டே விரட்டினாங்க, அப்புறம் தமிழ்நாட்டுப் பக்கம்தான் வாழ்ந்தாங்க. டேனியல் பேர்ல கேரள அரசு 1992ல விருது ஆரம்பிச்சாச்சு. ரோசி பேர்ல ஒரு ஃபிலிம் சொசைட்டி வர 2019 ஆச்சு, அதுவும் அங்க உள்ள சினிமாப் பெண்களே சேர்ந்து ஆரம்பிச்சது.