சாரம் கட்டிய குழந்தைகள்

கேள்வி: சிங்களத்தில் குழந்தைகளுக்கான சித்திரக் கதைகள் எப்போது தோன்றின? தொலைக்காட்சிதான் அவற்றை அழித்ததா? (வாசகர், மட்டக்களப்பு)

பதில்: முதலில் அந்தக் குழந்தைகளை வெளியே விளையாட அனுப்பிவிட்டுப் பேசலாம். 1951இல் ஜி. எஸ். பெர்னாண்டோ 'லங்காதீப' நாளிதழில் 'நீலா'வைத் தொடராக வரைந்தபோது அந்தப் பத்திரிகையைக் காசு கொடுத்து வாங்கியவர்கள் பள்ளிப் பிள்ளைகள் அல்லர். எழுபதுகளில் 'சத்துட்ட', 'சித்தர' எனச் சித்திரக் கதைகளுக்கென்றே பத்திரிகைகள் வந்தபோதும், காதலர் பிரியும் கட்டத்தில் 'தொடரும்' என்று கண்டு ஒரு வாரம் முழுவதும் மனம் குமைந்தவர்களில் மீசை நரைத்துச் சாரம் கட்டியவர்களும் இருந்தார்கள். பிள்ளைகளின் பங்கு, அப்பா படித்து முடித்ததைக் களவாகப் படித்து வாத்தியாரிடம் அடி வாங்கியதுதான்.

இன்னும் பழைய மூதாதையர் வேண்டுமென்றால் கண்டிக்கு அருகிலுள்ள தெகல்தொருவ குகை விகாரைக்குப் போய்ப் பாருங்கள். பதினெட்டாம் நூற்றாண்டில் அங்கே புத்தரின் முற்பிறவிகளைச் சொல்லும் ஜாதகக் கதைகளை நீண்ட கிடைப்பட்டைகளாகத் தீட்டி, ஒரே நாயகனைக் காட்சிக்குக் காட்சி மறுபடி மறுபடி நிறுத்தி, நடப்பது என்னவென்று சிங்களத்தில் எழுதியும் வைத்தார்கள். அங்குள்ள வெசந்தர கதையில் குழந்தைகளுக்கு இருக்கும் ஒரே வேலை, தந்தையால் பிராமணனுக்குத் தானம் கொடுக்கப்படுவது! இதே உத்தி பாறையில் இருந்தால் மரபுச் செல்வம் என்றும், மலிவுத் தாளில் அச்சானால் வடை சுற்றும் குப்பை என்றும் தீர்ப்புச் சொல்லும் விமர்சகப் பெருமக்களோடு எனக்குள்ள வழக்கு பழையது. அவர்கள் சிங்களத்தில் மட்டும் இருப்பதாக நினைத்து நாம் மகிழ வேண்டியதில்லை, முத்து காமிக்ஸை ஒளித்துப் படித்த நம்மவர்களுக்கு அது தெரியும்.

இலங்கைக்குத் தொலைக்காட்சி 1979இல் வந்தது, 1982இல் ரூபவாகினி என்ற அரச அலைவரிசையும் சேர்ந்துகொண்டது. வாரக் கணக்கில் காத்திருந்த வாசகருக்கு வீட்டுக்குள்ளேயே தொடர்கதை கிடைத்தபின் அந்தப் பத்திரிகைகள் மெலிந்தது உண்மைதான். ஆனால் 1972இல் 'சத்துட்ட'வில் கெமிலஸ் பெரேரா உலவவிட்ட கஜமன், 2023இல் முப்பரிமாண அசைவூட்டத் திரைப்படத்தின் நாயகனாகிவிட்டான். ஐம்பது கடந்த பின்னும் கதாநாயகனாகும் பேறு தமிழ்த் திரையுலகத்துக்கே உரியது என்றல்லவா இருந்தேன்!