பணிக்கொடை கேட்டால் 'நிதி இல்லை' என்கிறார்கள்!

கேள்வி: மாநிலப் பல்கலைக்கழகம் ஒன்றில் 31 வருடம் வேலை பார்த்து, 2023 ஜூனில் கண்காணிப்பாளராக ஓய்வு பெற்றேன். பி.எஃப். வந்துவிட்டது, பென்ஷனும் முன்னே பின்னே வருகிறது. பணிக்கொடை (கிராஜுவிட்டி) 14 லட்சம், எடுக்காத விடுப்புக்கான சம்பளம் 8 லட்சம் இன்னும் வரவில்லை. கேட்டால் 'நிதிநிலை சீரானதும் வழங்கப்படும்' என்று கடிதம் தருகிறார்கள். போதாததற்கு, 2011-இல் போட்ட இன்கிரிமென்ட் தவறு என்று தணிக்கைத் தடை (கணக்குத் தணிக்கையாளரின் ஆட்சேபம்) வந்திருக்கிறதாம், 2 லட்சம் பிடிப்பார்களாம். கேஸ் போட்டால் வருகிற பென்ஷனும் நின்றுவிடும் என்று நண்பர்கள் பயமுறுத்துகிறார்கள். என்ன செய்யட்டும்?

பதில்: ஐயா, முதலில் அந்தப் பயத்தை விடுங்கள். வழக்குப் போட்டதற்காகப் பென்ஷனை நிறுத்த எந்த விதியும் இடம் தரவில்லை. விதி இல்லாமல் வெறும் அலுவலக உத்தரவை வைத்துப் பென்ஷனையோ பணிக்கொடையையோ பிடித்து வைக்க முடியாது, அது ஒருவருடைய சொத்து என்று 2013-இல் ஜார்க்கண்ட் அரசு வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

'நிதி இல்லை' என்ற கடிதத்தைக் கிழித்துப் போட்டுவிடாதீர்கள். உங்களுக்குப் பாக்கி இருக்கிறது என்று அவர்களே எழுதிக் கொடுத்த சாட்சி அது. பல்கலைக்கழகத்தைக் கேட்டால் அரசு மானியம் வரவில்லை என்பார்கள்; அரசைக் கேட்டால் அது தன்னாட்சி அமைப்பு என்பார்கள். அதனால் வழக்கில் பதிவாளரோடு உயர்கல்வித் துறைச் செயலாளரையும் எதிர்மனுதாரராகச் சேருங்கள். தணிக்கைத் தடை இருப்பதால் உள்ளாட்சி நிதித் தணிக்கைத் துறையையும் விட்டுவிடாதீர்கள். மூன்று பேரும் ஒரே நீதிபதி முன் நின்றால்தான் பந்து உருளுவது நிற்கும்.

இரண்டு தொகைக்கும் வழி ஒன்றல்ல. 2023-இல் ஓய்வு பெற்ற உங்களுக்கு, அப்போது நடப்பில் இருந்த 1972-ஆம் வருடப் பணிக்கொடைச் சட்டம் பொருந்தும். 30 நாளில் பணம் தர வேண்டும், தவறினால் ஆண்டுக்கு 10 சதவீதம் தனிவட்டி. உங்கள் 14 லட்சத்துக்கு வருடம் 1,40,000 ரூபாய். தொழிலாளர் துறையின் கட்டுப்பாட்டு அதிகாரியிடம் படிவம் 'என்'-இல் மனு கொடுக்கலாம். இந்த மனுவுக்கான 90 நாள் கெடு தாண்டிவிட்டதால் தாமதத்துக்குக் காரணம் எழுதுங்கள். அவர்கள் தந்த 'வழங்கப்படும்' கடிதங்களே நல்ல காரணம். எங்களுக்குத் தனி ஓய்வூதிய விதி இருக்கிறது, இந்தச் சட்டம் பொருந்தாது என்று பல்கலைக்கழகத்திடமிருந்து வாதம் வரும். டெல்லி மாநகராட்சி இதே வாதத்தை 1998-இல் உச்ச நீதிமன்றத்தில் வைத்துத் தோற்றது.

விடுப்புச் சம்பளம் இந்தச் சட்டத்தில் வராது. அதற்கு உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுதான் (அரசு அமைப்புக்கு உத்தரவிடச் சொல்லி நேரடியாகக் கேட்கும் மனு). வட்டி தர விதி இல்லாவிட்டாலும் ஓய்வுக்காலப் பணம் தாமதமானால் வட்டி கேட்கலாம் என்கிறது 2008-இல் வந்த எஸ்.கே. துவா தீர்ப்பு. வக்கீல்கள் பலர் இரண்டையும் ஒரே ரிட் மனுவில் கேட்டுவிடுகிறார்கள். அதுவும் நடக்கும், எது வேகம் என்பதை உங்கள் வக்கீலோடு பேசி முடிவு செய்யுங்கள்.

ரிட் மனுவில் கடைசியாக இருக்கும் பிரார்த்தனைப் பகுதியை, அதாவது நீதிமன்றத்திடம் என்ன உத்தரவு கேட்கிறோம் என்ற பகுதியை மட்டும் நீங்களே ஒருமுறை வாசியுங்கள். 'என் மனுவைப் பரிசீலிக்க உத்தரவிட வேண்டும்' என்று இருந்தால் மாற்றச் சொல்லுங்கள். 'எட்டு வாரத்தில் பரிசீலிக்கவும்' என்று உத்தரவு வரும். அவர்களும் சமர்த்தாகப் பரிசீலித்து, 'நிதி இல்லை' என்று இன்னொரு கடிதம் தருவார்கள். நீங்கள் ஜெயித்த மாதிரியும் இருக்கும், கையில் காசும் இருக்காது. இப்படி ஏமாந்தவர்கள் நிறைய. இன்ன தொகை, இன்ன தேதியிலிருந்து வட்டி, இன்ன நாளுக்குள் தர வேண்டும் என்று எண்களோடு கேளுங்கள்.

அந்த 2 லட்சம் விஷயத்துக்கு வருவோம். கூடுதலாகப் போட்டுவிட்டோம் என்று ஓய்வு பெற்றவரிடம் பிடிக்கக் கூடாது என்று 2014-இல் ரஃபீக் மசி வழக்கில் தீர்ப்பு உண்டு. ஐந்து வருடத்துக்கு மேல் கொடுத்துவிட்டதையும் திரும்பக் கேட்கக் கூடாது. உங்களுக்கு இரண்டுமே பொருந்தும். ஆனால் ஒரு சிக்கல் இருக்கிறது. சம்பள நிர்ணயத்தின்போது 'கூடுதலாகப் பெற்றால் திருப்பித் தருகிறேன்' என்று உறுதிமொழியில் கையெழுத்துப் போட்டீர்களா? ஜெக்தேவ் சிங் வழக்கில் 2016-இல் உச்ச நீதிமன்றம், அப்படி எழுதிக் கொடுத்தவரிடம் பிடிக்கலாம் என்றது. தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்தோடு உங்கள் பணிப் பதிவேட்டின் நகல், அந்தத் தணிக்கைத் தடை, உறுதிமொழி இருந்தால் அது, மூன்றையும் கேளுங்கள். வக்கீலைப் பார்க்கும் முன் இது கையில் இருக்கட்டும்.

மூன்று வருடம் ஆனால் உரிமை போச்சு என்று யாராவது சொல்லியிருக்கலாம். அது சிவில் கோர்ட்டில் பணம் கேட்டுப் போடும் வழக்கின் கெடு. ரிட் மனுவுக்கு அப்படி நாள் குறிக்கவில்லை, ஆனாலும் 'இத்தனை நாள் ஏன் வரவில்லை' என்ற கேள்வி வரும். ஆகவே இந்த மாதமே பதிவாளருக்கும் நிதி அலுவலருக்கும் பாக்கியைக் கேட்டு ஒப்புகையோடு ஸ்பீட் போஸ்டில் கடிதம் அனுப்பிவிடுங்கள். அப்புறம், பணம் தரச் சொல்லி உத்தரவு வந்தும் தராவிட்டால், நீதிமன்ற அவமதிப்பு மனுவை அவர்கள் தவறிய நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் போட வேண்டும். 'அடுத்த மாதம் கட்டாயம் தருகிறோம்' என்று அவர்கள் இழுத்தடிப்பதே பெரும்பாலும் அந்த ஒரு வருடத்தைக் கடத்தத்தான்.